பட்டா நிலத்துத் தேக்கு நாட்டின் கார்பன் கணக்கில் சேருமா?

கேள்வி: மூன்றரை ஏக்கர் புஞ்சையில் ஒன்பது ஆண்டுகளாகத் தேக்கு வளர்த்து வருகிறேன். அம்மரங்கள் ஈர்க்கும் கார்பன் இந்தியாவின் கணக்கில் சேருமா? அதற்காக எங்கேனும் பதிவு செய்ய வேண்டுமா? மரங்களை வெட்டி விற்றால் என்ன ஆகும்?

பதில்: பதிவு எதுவும் தேவையில்லை. ஐ.நா.வுக்கு அளிக்கப்படும் நாட்டின் உமிழ்வுக் கணக்கு பட்டாதாரரின் பெயரைப் பார்ப்பதில்லை. ஒரு ஹெக்டேருக்குக் குறையாத பரப்பில் மர விதானம் (கிளை, இலைகளின் கூரை) 10 சதவீதமோ அதற்கு மேலோ நிலத்தை மூடியிருந்தால், அந்நிலம் யாருக்குச் சொந்தமானாலும், அரசுப் பதிவேட்டில் காடாக இல்லாவிட்டாலும், இந்திய வன ஆய்வு நிறுவனம் செயற்கைக்கோள் படங்களைக் கொண்டு அதை வனப்பரப்பாகவே கொள்கிறது. தென்னந்தோப்பும் இவ்வகையில் வனமாகிவிடுவதைச் சூழலியலாளர்கள் குறை கூறுவதுண்டு. அக்குறையில் நியாயம் இருப்பதாகவே நானும் கருதுகிறேன். உங்கள் நிலம் சுமார் 1.4 ஹெக்டேர் என்பதால் அதுவும் இவ்வரையறைக்குள் வரக்கூடும். ஆனால் உங்கள் மரங்களை யாரும் தனித்தனியே எண்ணுவதில்லை. மாதிரி நிலத்துண்டுகளில் எடுத்த அளவீடுகளிலிருந்தே மரங்களில் தங்கியுள்ள மொத்தக் கார்பன் இருப்பு மதிப்பிடப்படுகிறது.

கணக்கில் ஏறுவது இருப்பு அன்று, இருப்பில் ஏற்படும் மாற்றம் என்பதையே பலரும் தவற விடுகிறார்கள். காலநிலை மாற்றத்துக்கான பன்னாட்டு அரசுக் குழுவின் 2006ஆம் ஆண்டு நெறிமுறைப்படி, நிலம் முழுவதும் காடு, பயிர் நிலம், புல்வெளி, ஈரநிலம், குடியிருப்பு, பிற நிலம் என ஆறாகப் பிரிக்கப்பட்டு, ஒவ்வொன்றிலும் மரத்தின் மேற்பகுதி, வேர், பட்ட மரம், சருகு, மண் ஆகியவற்றில் தங்கியுள்ள கார்பன் கூடியதா குறைந்ததா என்று பார்க்கப்படுகிறது. நூறாண்டாக வளர்ச்சியும் அழிவும் சமமாக நிற்கும் அடர்காடு எவ்வளவு கார்பனைத் தாங்கியிருந்தாலும் அவ்வாண்டுக் கணக்கில் அதன் பங்கு ஏறக்குறைய பூச்சியம். உங்கள் இளந்தேக்கோ ஆண்டுதோறும் பருப்பதால் வரவாகிறது. ஓராண்டில் உலர் எடை 100 கிலோ கூடினால், அதில் 47 கிலோவைக் கார்பனாகக் கொண்டு 44/12ஆல் பெருக்க, சுமார் 172 கிலோ கார்பன் டை ஆக்சைடு காற்றிலிருந்து நீங்கியதாகக் கொள்வார்கள்.

வெட்டினால் அதே தொகை செலவாக மாறும். எனினும் அறுத்த மரத்தில் கார்பன் உடனே வெளியேறிவிடுவதில்லை என்பதால், அதில் பாதி வெளியேற 35 ஆண்டும், ஒட்டுப்பலகை வகைகளில் 25 ஆண்டும், தாளில் 2 ஆண்டும் ஆகும் என்று கணக்கிடவும் அந்நெறிமுறையின் 2019ஆம் ஆண்டு மேம்பாட்டில் வழியுண்டு. உங்கள் பக்கத்து வயலின் நெல்லிலிருந்து வரும் மீத்தேன் இதில் சேராது. அது வேளாண்மைத் துறைக் கணக்கு.

2020ஆம் ஆண்டுக்கு இந்தியா ஐ.நா.விடம் அளித்த அறிக்கையில், நிலத்துறையை (மேலே சொன்ன ஆறு வகை நிலங்களின் கார்பன் வரவு செலவை) நீக்கிய மொத்த உமிழ்வு, கார்பன் டை ஆக்சைடுக்கு ஈடாகக் கணக்கிட்டால், 295.9 கோடி டன். நிலத்துறையைச் சேர்த்தபின் 243.7 கோடி டன். இடைப்பட்ட 52 கோடி டன் சொச்சத்தில் உங்கள் தோப்பு போன்றவையும் பெயரின்றி அடங்கும்.

கார்பன் கிரெடிட், அதாவது ஈர்த்த கார்பனுக்கான சான்றை, விற்பது இதிலிருந்து முற்றிலும் வேறான ஏற்பாடு. அங்கு நில ஆவணம், தனி அளவீடு, சரிபார்ப்பு எல்லாம் வேண்டும். கிரெடிட் வருமானம் இல்லாவிட்டால் மரமே வளர்ந்திராது என்பதையும் மெய்ப்பிக்க வேண்டும். மரவிற்பனைக்காகவே ஒன்பது ஆண்டுகளுக்கு முன் நட்ட தேக்குக்கு இது எளிதன்று. பாரீஸ் உடன்படிக்கையின் 6ஆம் பிரிவின்கீழ் வேறொரு நாடு தன் இலக்குக்காக அதை வாங்கினால், இந்தியா அத்தொகையைத் தன் இலக்குக் கணக்கில் உமிழ்வாகத் திரும்பச் சேர்க்க வேண்டும். முகவர் எவரேனும் ஒப்பந்தத்துடன் வந்தால், எத்தனை ஆண்டுகளுக்கு மரம் வெட்டத் தடை என்ற பிரிவைப் படித்த பிறகே கையெழுத்திடுங்கள்.