கோய், மஹல்லெ, முக்தார்: துருக்கிச் சிற்றூரை எப்படி எழுதுவது?

கேள்வி: துருக்கியின் மனிசா மாகாணத்தில் உள்ள ஒரு சிற்றூரைப் பற்றித் தமிழில் கட்டுரை எழுதி வருகிறேன். பழைய குறிப்புகள் அதை 'கோய்' (கிராமம்) என்கின்றன, புதியவை 'மஹல்லெ' என்கின்றன. மக்கள்தொகையும் இடத்துக்கு இடம் மாறுகிறது. 2000ஆம் ஆண்டுக் கணக்குக்கும் 2007ஆம் ஆண்டுக் கணக்குக்கும் இடையே பெரிய சரிவு. எதை எடுத்துக்கொள்வது? 'முக்தார்' என்பவரை ஊராட்சித் தலைவர் என்று எழுதலாமா?

பதில்: முதலில் மாகாணத்தைப் பாருங்கள். துருக்கியின் 81 மாகாணங்களில் 30 பெருநகர மாகாணங்கள், அதாவது மாகாணம் முழுவதும் ஒரு பெருநகராட்சியின் கீழ் வருபவை. மனிசாவும் அவற்றில் ஒன்று. 2012 நவம்பரில் நிறைவேறிய 6360ஆம் எண் சட்டத்தின்படி, 2014 மார்ச் 30 உள்ளாட்சித் தேர்தலோடு இந்த மாகாணங்களில் 16,000க்கும் மேற்பட்ட கிராமங்கள் கிராமத் தகுதியை இழந்து, மாவட்ட நகராட்சிகளின் மஹல்லெக்களாயின. நம் ஊரில் மஹல்லா என்று சொல்கிறோமே, அதே அரபுச் சொல்தான். துருக்கியில் அது நகராட்சி வார்டு போன்ற ஒரு பிரிவு. அதே வீடுகள், அதே ஆலிவ் தோப்புகள். ஆனால் கிராமத்தின் பெயரில் சொத்தும் வரவு செலவும் வைத்துக்கொள்ளும் சட்ட உரிமை போய்விட்டது. ஆகவே 'முன்பு கிராமம், 2014 முதல் இன்ன மாவட்டத்தின் மஹல்லெ' என்று எழுதினால் இரண்டு குறிப்புகளும் பொருந்திவிடும். 2020இல் 'கிராமப்புற மஹல்லெ' என்ற தகுதியும் வந்தது. அதைப் பெற்ற ஊர்களுக்குச் சொத்து வரி, குடிநீர்க் கட்டணம் போன்றவற்றில் சலுகை உண்டு. கார்ஸ், சிவாஸ், கஸ்தமோனு போன்ற மற்ற 51 மாகாணங்களில் கோய் இன்றும் கோய்தான்.

உங்களைக் குழப்பியது மக்கள்தொகை என்று நினைக்கிறேன். அதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். 2000 அக்டோபர் 22இல் நடந்த கணக்கெடுப்பு பழைய முறை. அன்று நாடு முழுவதும் ஊரடங்கு. கணக்கெடுப்பாளர் வீடு வீடாக வந்து, அன்றைக்கு அந்தக் கூரையின் கீழ் இருந்தவர்களை எண்ணினார். தலைக்கணக்கு கூடினால் உள்ளாட்சிக்கு வரும் பணமும் கூடும் என்பதால், நகரத்தில் பிழைக்கும் பிள்ளைகளை அந்த ஒரு நாளுக்கு ஊருக்கு வரவழைத்த இடங்கள் உண்டு. 2007 முதல் முறை மாறியது. ஒவ்வொருவரின் அடையாள எண்ணும் ஒரு முகவரியோடு இணைக்கப்பட்டு, டிசம்பர் 31 நிலவரப்படி பதிவேட்டிலிருந்தே எண்ணிக்கை எடுக்கப்படுகிறது. எனவே நீங்கள் கண்ட சரிவு முழுவதையும் ஊரைவிட்டுப் போனவர்களின் கணக்கில் எழுதிவிடாதீர்கள். அதில் ஒரு பகுதி எண்ணும் முறை மாறியதால் வந்தது. இரண்டு எண்களையும் தருவதானால் நடுவே இதை ஒரு வரி சொல்லியே ஆக வேண்டும்.

இன்னொரு பொறியும் இருக்கிறது. ஒருவரின் குடும்பப் பதிவு, 'கூத்தூக்', தாத்தாவின் ஊரிலேயே இருக்கும். ஆள் இஸ்மிரில் பிறந்து அங்கேயே வளர்ந்திருப்பார். ஊரில் குடியிருப்பவர்களைவிடப் பல மடங்கு பேர் இப்படி ஊர்ப் பதிவில் இருப்பது சாதாரணம். 'எங்கள் ஊரில் இத்தனை ஆயிரம் பேர்' என்று ஊர்க்காரர்கள் பெருமையாகச் சொல்லும் எண் பெரும்பாலும் இதுதான். அதை மக்கள்தொகை என்று போடக் கூடாது.

பதிவேட்டு எண்ணும் ஊரின் முழு உருவத்தைக் காட்டாது. ஆகஸ்டில் போய்ப் பாருங்கள்: ஜெர்மனியிலிருந்து விடுமுறைக்கு வந்தவர்களின் ஜெர்மன் எண் பலகைக் கார்கள், திண்ணையில் பேரப்பிள்ளைகள், தேநீர்க் கடையில் உட்கார நாற்காலி இருக்காது. ஜனவரியில் அதே தெருவில் வரிசையாகப் பூட்டுகள் தொங்கும்.

அடுத்தது முக்தார். 1924 மார்ச் 18இன் 442ஆம் எண் கிராமச் சட்டம் 2,000 பேருக்குக் குறைந்த குடியிருப்பைக் கோய் என்கிறது. அதோடு நிற்காமல், பள்ளிவாசல், பள்ளிக்கூடம், மேய்ச்சல் நிலம் போன்றவற்றைப் பொதுவில் வைத்துக்கொண்டு வாழும் மக்கள்தான் கிராமம் என்றும் சொல்கிறது. இந்த வரையறை எனக்கு மிகவும் பிடிக்கும். முக்தாரை ஊர் வாக்காளர்கள் 5 ஆண்டுக்கு ஒருமுறை தேர்ந்தெடுக்கிறார்கள். கட்சிகள் வேட்பாளரை நிறுத்த முடியாது. அவரோடு ஒரு மூத்தோர் குழு உண்டு. ஊர் ஆசிரியரும் இமாமும் தேர்தல் இல்லாமலே அதில் உறுப்பினர்கள். ஊரார் கூடி உழைக்கும் 'இமெஜெ'வும் இந்தச் சட்டத்தில் இடம்பெறுகிறது. அதைக் குடிமராமத்து என்றால் தமிழ் வாசகருக்குச் சட்டென்று புரியும். 1933இல் கிராமத் தேர்தல்களில் பெண்களும் வாக்களிக்கவும் போட்டியிடவும் உரிமை பெற்றார்கள். அதே ஆண்டில் அய்தின் மாகாணத்தில் குல் எசின் நாட்டின் முதல் பெண் முக்தாரானார்.

ஆனாலும் 'ஊராட்சித் தலைவர்' என்று எழுத வேண்டாம். முக்தார் ஊரின் பிரதிநிதி, கூடவே அரசின் கடைசிக் கண்ணி. சட்டங்களை ஊரில் அறிவிப்பதும் சான்றில் முத்திரை குத்துவதும் அவர் வேலை. நம் தலைவரும் கிராம நிர்வாக அலுவலரும் ஒரே ஆளாக இருந்தால் எப்படியோ, ஏறத்தாழ அப்படி. உங்கள் ஊர் இப்போது மஹல்லெ என்பதால், அங்கே முக்தாருக்குத் தனி வரவு செலவும் கிடையாது. சாலையும் தண்ணீரும் நகராட்சிகளின் பொறுப்பு. 'முக்தார்' என்றே எழுதி, முதல் முறை மட்டும் ஒரு வரி விளக்கம் கொடுங்கள்.

முடிந்தால் அவரையே தொலைபேசியில் பிடியுங்கள். எண் பெரும்பாலும் மாவட்ட ஆட்சி அலுவலக இணையதளத்தில் இருக்கும். மக்கள்தொகை எவ்வளவு என்று கேட்காதீர்கள். குளிர்காலத்தில் எத்தனை வீட்டுப் புகைபோக்கியில் புகை வருகிறது என்று கேளுங்கள். அந்த ஊர்களில் அவர்களே அப்படித்தான் கணக்குச் சொல்வார்கள். வரும் பதிலை, டிசம்பர் 31 எண்ணுக்குப் பக்கத்தில், அவர் சொன்னதாகவே எழுதுங்கள்.