விண்கலம் மேலே போகும்போது எரிவதில்லை, திரும்பும்போது மட்டும் ஏன் அத்தனை சூடு? வெப்பக் கவசம் அதை எப்படித் தாங்குகிறது?

மேலே போகும்போது ராக்கெட் அடர்த்தியான காற்றை ஓரளவு நிதானமாகவே தாண்டுகிறது. முழு வேகம் எடுப்பது காற்று மெலிந்துபோன உயரத்தில்தான். திரும்பும்போது நிலைமை தலைகீழ். பூமியை ஒட்டிச் சுற்றிக்கொண்டிருந்த கலம் வினாடிக்குச் சுமார் 7.8 கிலோமீட்டர் வேகத்தோடு வந்து காற்றில் இறங்குகிறது. அந்த வேகத்தில் கலத்தின் ஒவ்வொரு கிலோவுக்கும் ஏறத்தாழ 30 மெகாஜூல் ஆற்றல். அலுமினியத்தை உருக்குவது இருக்கட்டும், ஆவியாக்கவே அதில் பாதி போதும். என்ஜினை ஓட்டி வேகத்தைக் குறைக்கலாமே என்றால், அதற்கான எரிபொருளையும் முதலில் மேலே தூக்கிப் போக வேண்டும். ராக்கெட் பல மடங்கு பெருத்துவிடும். ஆகவே காற்றைத்தான் பிரேக்காகப் பயன்படுத்தியாக வேண்டும்.

இந்தச் சூடு உராய்வால் வருகிறது என்று பலரும் எழுதுகிறார்கள். உராய்வுக்கும் பங்கு உண்டு, ஆனால் பெரும்பகுதி அழுத்தத்தால் வருவது. சைக்கிளுக்குக் காற்றடிக்கும்போது பம்பின் அடிப்பக்கம் சுடுமே, அதே சங்கதிதான். கலத்துக்கு எதிரே இருக்கும் காற்றுக்கு விலகிப் போக அவகாசமே கிடைப்பதில்லை. நசுங்கி, அதிர்ச்சி அலையாகி (திடீரென நெருக்கப்பட்ட காற்றின் சுவர் போன்றது), மூலக்கூறுகள் உடைந்து மின்னேற்றம் பெற்றுவிடுகிறது. நிலவிலிருந்து திரும்பிய அப்பல்லோ கலங்கள் வினாடிக்கு 11 கிலோமீட்டர் வேகத்தில் வந்தன. அவற்றின் முன்னால் இருந்த காற்று சூரியனின் மேற்பரப்பை விடவும் சூடானது. அந்த மின்னேற்றம் பெற்ற காற்று ரேடியோ அலைகளை மறிப்பதால்தான் சில நிமிடங்களுக்குத் தொடர்பும் அறுந்துபோகும்.

என்னைக் கேட்டால், முதல் கவசம் பொருள் அல்ல, வடிவம். வேகமாகப் போக வேண்டியது கூராக இருக்க வேண்டும் என்பதுதான் 1950 வாக்கில் எல்லோருடைய எண்ணமும். நாசாவுக்கு முன்னோடியான அமெரிக்காவின் நாகா (NACA) அமைப்பின் ஆய்வுக்கூடத்தில் இருந்த ஹெச். ஜூலியன் ஆலன் 1951-ல் இதைப் புரட்டிப் போட்டார். மூக்கு கூராக இருந்தால் அதிர்ச்சி அலை அதன் முனையிலேயே ஒட்டிக்கொள்கிறது, சூடு நேராக உடம்பில் ஏறுகிறது. மொட்டையாக இருந்தால் அலை சற்றுத் தள்ளி நிற்கிறது. கொதிக்கும் காற்று பக்கவாட்டில் வழிந்து பின்னால் போய்விடுகிறது. ஆற்றலில் பெரும்பங்கு காற்றோடு போக, கலத்தை வந்தடைவது சிறு பங்குதான். விண்வெளி வீரர்களின் கலங்களுக்கு அடிப்பக்கம் அகலமாக இருப்பதற்குக் காரணம் இதுதான்.

அந்தச் சிறு பங்கைச் சமாளிக்கத்தான் கவசப் பொருள். நாசாவின் விண்வெளி ஓடத்தின் (ஸ்பேஸ் ஷட்டில்) அடியில் இருந்தவை சிலிக்கா இழை டைல்கள். கன அளவில் பத்தில் ஒன்பது பங்கு வெறும் காற்று. உலையில் கனல வைத்து எடுத்த டைலை, நடுப்பகுதி இன்னும் செக்கச்செவேலென ஒளிரும்போதே, வெறும் விரலால் மூலையைப் பிடித்துத் தூக்கிக் காட்டுவார்கள். சூடு அவ்வளவு மெதுவாகத்தான் அதற்குள் நகரும். கறுப்புக் கண்ணாடிப் பூச்சு வெப்பத்தைக் கதிர்வீச்சாகத் திருப்பி அனுப்பிவிடும். இறக்கையின் முன் விளிம்பில் சூடு இன்னும் அதிகம் என்பதால் அங்கே வலுவூட்டிய கார்பன் தகடுகள். 2003-ல் கொலம்பியா ஓடம் சிதறியது, புறப்படும்போது நுரைத் துண்டு ஒன்று பட்டு அந்தத் தகட்டில் விழுந்த ஓட்டையால்.

நிலவிலிருந்து வரும் வேகத்துக்கு டைல் பத்தாது. அங்கே எரிந்து கரைவதே கவசத்தின் வேலை. அப்பல்லோவில் அவ்கோட் என்ற ரெசின் கலவையை, தேன்கூட்டு அமைப்பில் இருந்த 3 லட்சத்துக்கும் மேற்பட்ட அறைகளில் ஒவ்வொன்றாகக் கையால் நிரப்பினார்கள். சூடேறும்போது ரெசின் சிதைந்து வாயுவாகிறது. அந்த மாற்றத்துக்கே நிறைய வெப்பம் செலவாகிவிடும். வாயு வெளியேறும்போது எதிரே வரும் சூடான காற்றையும் தள்ளிவிடுகிறது. மிஞ்சும் கரி மேலோடு கனன்று வெப்பத்தை வெளியே வீசுகிறது. 1995-ல் வியாழனுக்குள் வினாடிக்கு 47 கிலோமீட்டர் வேகத்தில் பாய்ந்த கலிலியோ ஆய்வுக்கலத்தின் மொத்த எடை 339 கிலோ. அதில் 152 கிலோ கவசம். அந்தக் கவசத்திலும் சுமார் 80 கிலோ இறங்கும்போதே கரைந்துபோனது.

சரி, இவ்வளவு தெரிந்தும் சிக்கல் வராமல் இல்லை. 2022-ல் நிலவு வரை ஆள் இல்லாமல் போய்வந்த, நாசாவின் ஆர்ட்டெமிஸ் 1 பயணத்தில் ஓரியன் கலத்தின் கவசத்தில் நூற்றுக்கும் மேற்பட்ட இடங்களில் கரி பெயர்ந்து விழுந்திருந்தது. கலத்துக்குள் வெப்பநிலை இயல்பாகவே இருந்தது, ஆள் இருந்திருந்தாலும் ஆபத்தில்லை என்றது நாசா. ஆனால் காரணம் விசித்திரமானது: சூடு குறைந்ததுதான்! கலம் ஒருமுறை காற்றில் முங்கி, சற்று எழும்பி, மறுபடி இறங்கும் பாதையில் வந்தது. இடைப்பட்ட நேரத்தில் மேற்பரப்பில் சூடு தணிந்தது. கவசத்துக்குள் மட்டும் வாயு உருவாகிக்கொண்டே இருந்தது. வெளியேறப் போதிய துளைகள் இல்லாமல் அழுத்தம் ஏறி, கரியைப் பிளந்துவிட்டது. தரைச் சோதனைகளில் பயணத்தில் கண்டதைவிட அதிகச் சூடு கொடுத்திருந்ததால் வாயு தாராளமாக வெளியேறியது, இந்தக் கோளாறு கண்ணில் படவில்லை. அடுத்த பயணத்துக்குக் கவசத்தை மாற்றாமல், இறங்கும் பாதையை மட்டும் மாற்றுவது என்று 2024 டிசம்பரில் அறிவித்தார்கள்.