எந்த டிபார்ட்மென்ட்?

ஐயா, வணக்கம்.

எங்கள் ஊர் செய்யாறு பக்கம். அப்பா கரும்பு வெட்டுக்குப் போகிறவர். அக்கா பிளஸ் டூ முடித்துவிட்டு சிப்காட் ஷூ கம்பெனியில் இருக்கிறாள். தம்பி இந்த வருஷம் பிளஸ் டூ. ஆறாவதிலிருந்து அரசுப் பள்ளி, கணக்கு எடுத்த குரூப், சுமாராகப் படிப்பான். மாமா ஒரு தனியார் இன்ஜினியரிங் கல்லூரியில் மேனேஜ்மென்ட் சீட் பேசி வைத்திருக்கிறார். அக்கா நகையை அடகு வைத்து முதல் வருஷ ஃபீஸ் கட்டிவிடலாம் என்பது வீட்டு யோசனை. தம்பி ஐ.டி.ஐ. போகிறேன் என்கிறான். வெறும் ஐ.டி.ஐ.க்கா இத்தனை கஷ்டப்பட்டுப் படிக்க வைத்தோம் என்று அம்மா அழுகிறார்.

பெரியப்பா மகன் பி.இ. மெக்கானிக்கல் முடித்துவிட்டு ஒரகடத்தில் ஒரு கம்பெனியில் லைனில் நிற்கிறான். அவனுக்குப் பக்கத்து ஸ்டேஷனில் ஐ.டி.ஐ. ஃபிட்டர் முடித்த பையன் நிற்கிறான். இரண்டு பேருக்கும் ஒரே சம்பளம். படித்தால் மேலே வரலாம் என்று எழுதுகிறீர்களே, அது இன்னும் உண்மைதானா? தம்பிக்கு எது நல்லது? எந்த பிராஞ்சுக்கு ஸ்கோப்? ஏ.ஐ. வந்தால் இந்த வேலைகள் எல்லாம் இருக்குமா?

ச.

*

அன்புள்ள ச.,

முதலில் மாமாவுக்கு ஃபோன் போட்டு அந்த மேனேஜ்மென்ட் சீட்டை வேண்டாம் என்று சொல்லுங்கள். ஆறாவதிலிருந்து பன்னிரண்டாவது வரை அரசுப் பள்ளியில் படித்தவர்களுக்கு இன்ஜினியரிங் கவுன்சலிங்கில் 7.5 சதவீதம் தனி ஒதுக்கீடு 2021-லிருந்து இருக்கிறது. அதில் இடம் கிடைத்தால் கல்விக் கட்டணம், விடுதிக் கட்டணம் எல்லாம் அரசு கட்டுகிறது. இது கவுன்சலிங் வழியாகப் போகிறவர்களுக்கு மட்டும்தான். மேனேஜ்மென்ட் சீட்டில் சேர்ந்த அன்றே அந்த உரிமை போய்விடும். இலவசமாகக் கிடைக்கக்கூடிய படிப்புக்கு ஒரு பெண்ணின் நகையை அடகு வைக்கத் திட்டம் போட்டிருக்கிறீர்கள். வீட்டில் ஒருவருக்குக்கூடவா இது தெரியவில்லை? பள்ளியில் கேட்டிருக்கலாமே? மாமா சொன்னால் சரியாக இருக்கும் என்று விட்டுவிடும் இந்தப் பழக்கம்தான் நம் வீடுகளின் சேமிப்பைத் தின்கிறது.

அடுத்தது, நீங்கள் இரண்டு வழிதான் எழுதியிருக்கிறீர்கள். மூன்றாவது ஒன்று இருக்கிறது. கணக்கு, இயற்பியல், வேதியியல் படித்து பிளஸ் டூ தேறியவர் பாலிடெக்னிக்கில் நேரடியாக இரண்டாம் ஆண்டு சேரலாம். இரண்டு வருடத்தில் டிப்ளமோ. அங்கிருந்து பி.இ. இரண்டாம் ஆண்டுக்கும் நேரடியாகப் போகலாம். ஐ.டி.ஐ.யில் இரண்டு வருடம் முடித்தவருக்கும் டிப்ளமோ இரண்டாம் ஆண்டு திறந்திருக்கிறது. ஆகவே "வெறும் ஐ.டி.ஐ." என்று அம்மா அழ வேண்டியதில்லை. எந்தக் கதவில் நுழைந்தாலும் உள்ளே இன்னொரு கதவு இருக்கிறது. தம்பிக்குக் கணக்கு வருமென்றால் கவுன்சலிங். கணக்கு தடுமாறி, கை ஓடுமென்றால் அரசு ஐ.டி.ஐ. அல்லது அரசு பாலிடெக்னிக். எந்த பிராஞ்சுக்கு ஸ்கோப் என்பதற்கு என்னிடம் பதில் இல்லை. நான்கு வருடம் கழித்து எது ஓடும் என்று அடித்துச் சொல்கிறவரிடமிருந்து தள்ளி நில்லுங்கள். ஏ.ஐ. பற்றி இப்போது கவலைப்பட வேண்டாம். கழன்ற பெல்ட்டை மாட்ட இன்னும் ஆள்தான் போகிறான்.

உங்கள் கடிதத்தில் என்னைப் பிடித்து நிறுத்தியது அந்த ஒரகடத்து வரிதான். பி.இ.யும் ஐ.டி.ஐ.யும் ஒரே லைனில், ஒரே சம்பளத்தில். கொஞ்ச நாளாக இதையேதான் யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

அந்த லைனில் என்ன நடக்கிறது என்று பாருங்கள். ஏறக்குறைய நிமிடத்துக்கு ஒரு வண்டி நகர்கிறது. உங்கள் அண்ணனுக்கு நான்கு போல்ட். கையில் காற்றழுத்தத்தில் ஓடும் நியூமேட்டிக் கன். எவ்வளவு இறுக்க வேண்டும் என்பது அதில் முன்பே செட் செய்யப்பட்டிருக்கிறது. இறுகியதும் தானாக நிற்கும். ஒரு போல்ட் விட்டுப்போனால் விளக்கு எரியும். செய்கிறவருக்கு எதுவும் தெரிந்திருக்கத் தேவையில்லாதபடி வேலையை வடிவமைத்திருக்கிறார்கள். அதைத் தவறு என்று சொல்லவில்லை, உற்பத்திக்கு அது அவசியம். ஆனால் அந்த இடத்தில் தெர்மோடைனமிக்ஸ் படித்தவனுக்கும் அரம் பிடித்தவனுக்கும் வித்தியாசம் இருக்க முடியாது. படிப்பு பொய்த்துவிட்டது என்று நீங்கள் முடிவு கட்டுகிறீர்கள். படிப்பைக் கேட்காத இடத்தில் இரண்டு பேரையும் நிறுத்தியிருக்கிறார்கள், அவ்வளவுதான்.

இதில் அதிகம் இழப்பது ஐ.டி.ஐ. பையன். ஃபிட்டர் படிப்பில் தொடக்க மாதங்கள் பெரும்பாலும் அரம்தான். மேஜையில் பூட்டிய வைஸ் என்ற பிடிகருவியில் மைல்டு ஸ்டீல் துண்டைப் பிடித்துத் தேய்க்க வேண்டும். புதியவர்கள் தேய்த்தால் நடு உயர்ந்து இரண்டு ஓரமும் சரியும். அரம் முன்னால் போகும்போது முன் கையில் அழுத்தத்தைக் குறைத்துப் பின் கையில் கூட்டாததால், அரம் ஊஞ்சலாடுவதால் வருவது அது. செங்கோணம் பார்க்கும் ட்ரை ஸ்கொயரை மேலே வைத்து வெளிச்சத்துக்கு நேராகப் பிடித்தால் ஓரத்தில் ஒளிக்கீற்று தெரியும். கீற்று மறையும்வரை தேய்க்க வேண்டும். அரத்தின் பல்லில் பிசிறு அடைத்தால் பரப்பில் கோடு விழும். கம்பி பிரஷ் போட்டுத் துடைத்து, சுண்ணக்கட்டி பூசித் திரும்பத் தொடங்க வேண்டும். தொடக்கத்தில் அரை மில்லிமீட்டர் பிசகு பரவாயில்லை என்று விடுவார்கள். போகப் போக ஒன்றுக்குள் ஒன்று பொருந்தும் இரண்டு துண்டுகளை 0.04 மில்லிமீட்டருக்குள் கொண்டுவரச் சொல்வார்கள். இப்படிப் படிந்த கை, லைனில் இரண்டு வருடம் ட்ரிக்கர் மட்டும் இழுத்தால் போய்விடும். அதன் பிறகு அச்சுகளும் கருவிகளும் செய்யும் ஒரு டூல்ரூமில் டிரேட் டெஸ்ட் வைத்தால் தேற மாட்டான்.

ஆகவே தம்பி எதைப் படித்தாலும், வேலைக்குச் சேரும்போது கம்பெனிப் பெயரைக் கேட்க வேண்டாம். எந்த டிபார்ட்மென்ட் என்று கேட்கச் சொல்லுங்கள்.

புரொடக்‌ஷன் லைனா, மெயின்டனன்ஸா, டூல்ரூமா, குவாலிட்டியா? மெயின்டனன்ஸில் இன்று கன்வேயர் மோட்டாரில் ஓவர்லோடு ரிலே ட்ரிப் ஆகும், நாளை நியூமேட்டிக் சிலிண்டரில் சீல் கசியும், மறுநாள் சென்சார் காட்டாது. ஒவ்வொன்றுக்கும் காரணம் தேட வேண்டும், டிராயிங்கைப் பிரிக்க வேண்டும், லாக் புக்கில் எழுத வேண்டும். மூன்று வருடம் அங்கே இருந்தவன் எந்த ஊரிலும் பிழைப்பான். டூல்ரூமில், தகடு வெட்டும் பிரஸ் அச்சில் மேலிருந்து இறங்கும் பஞ்ச்சுக்கும் (punch) கீழே இருக்கும் டைக்கும் (die) நடுவே எவ்வளவு இடைவெளி விட வேண்டும் என்று கற்றவனும் அப்படியே. குவாலிட்டியில் கேஜும் மைக்ரோமீட்டரும் டிராயிங்கும் கையில் இருக்கும். சம்பளம் தொடக்கத்தில் லைனைவிடக் குறைவாகக்கூட இருக்கலாம், ஓவர்டைமும் குறையலாம். இருந்தாலும் அங்கேதான் போக வேண்டும். ஆயிரம், இரண்டாயிரம் கூடக் கிடைக்கிறது என்று லைனுக்குப் போகிற பையன்களைப் பார்த்தால் எனக்குக் கோபம் வருகிறது. வீட்டுக் கஷ்டம் தெரியாமல் இதைச் சொல்லவில்லை.

லைன்தான் கிடைத்தது என்றாலும் வழி உண்டு. ஷட்டவுன் நாளில், ஞாயிற்றுக்கிழமை மெயின்டனன்ஸில் உதவிக்கு ஆள் கேட்பார்கள். கையைத் தூக்க வேண்டும். மல்டிமீட்டரைப் பிடிக்கத் தெரிந்தவன் என்று ஷிப்ட் இன்ஜினியருக்குத் தெரிந்துவிட்டால், காலியிடம் வரும்போது அவன் பெயர்தான் முதலில் வரும்.

இன்னொன்று, வேலையில் சேரும்போது கொடுக்கும் ஆர்டர் காகிதம். இதில்தான் நம் பிள்ளைகள் அதிகம் ஏமாறுகிறார்கள். ட்ரெய்னி என்று எல்லோருக்கும் ஒரே சொல்லைச் சொல்லிவிடுவார்கள். காகிதங்கள் வேறு வேறு.

1961-ஆம் ஆண்டு அப்ரண்டிஸ் (தொழிற்பழகுநர்) சட்டப்படி சேர்த்தால் ஒப்பந்தம் அரசு இணையதளத்தில் பதிவாகும், பதிவு எண் இருக்கும். 2019 விதித் திருத்தம் ஐ.டி.ஐ. முடித்தவருக்குக் குறைந்தபட்ச உதவித்தொகையை மாதம் 7,000 ரூபாய் என்றும், டிப்ளமோவுக்கு 8,000, பட்டதாரிக்கு 9,000 என்றும் வைத்தது. முடிவில் தேர்வு எழுதினால் தேசிய அப்ரண்டிஸ் சான்றிதழ் வரும். பி.எஃப். கிடையாது. வேலை கொடுத்தே ஆக வேண்டும் என்ற கட்டாயமும் நிறுவனத்துக்கு இல்லை. ஆனால் அந்தச் சான்றிதழ் நாளைக்கு உதவும்: ரயில்வேயின் கடைநிலைப் பணிகளில் ரயில்வே பணிமனைகளில் அப்ரண்டிஸ் முடித்தவர்களுக்கு 20 சதவீத இடம் தனியாக இருக்கிறது. பெரம்பூர் ரயில் பெட்டித் தொழிற்சாலையான ஐ.சி.எஃப்.பிலும் திருச்சி பொன்மலை ரயில்வே பணிமனையிலும் அப்ரண்டிஸ் அறிவிப்பு வரும்போது பையன்கள் முண்டியடிப்பது அதனால்தான்.

கம்பெனி ட்ரெய்னி என்பது வேறு. கம்பெனி தன் லெட்டர்பேடில் அடித்துக் கொடுக்கும் கடிதம். தேர்வு கிடையாது, வெளியே செல்லும்படியான சான்றிதழ் கிடையாது. செய்வது முழு ஆள் வேலை. மூன்றாவது வகை, காகிதத்தில் கம்பெனி பெயரே இருக்காது, கான்ட்ராக்டர் பெயர் இருக்கும். கேட்டில் ஒரே யூனிஃபார்மில் உள்ளே போவதால் வித்தியாசம் தெரியாது. கண்டுபிடிக்க எளிய வழி: பி.எஃப். பாஸ்புக்கைத் திறந்து பாருங்கள், நிறுவனத்தின் பெயர் என்ற இடத்தில் யார் இருக்கிறார்களோ அவர்தான் முதலாளி. பாஸ்புக்கே இல்லை, அப்ரண்டிஸ் பதிவு எண்ணும் இல்லை என்றால் பையன் எந்தக் கணக்கிலும் இல்லை என்று அர்த்தம்.

ஏன் இவ்வளவு விதம்? 24 மாதத்துக்குள் 480 நாள் தொடர்ந்து வேலை செய்த தொழிலாளியை நிரந்தரமாக்க வேண்டும் என்று தமிழ்நாட்டில் 1981-லேயே சட்டம் போட்டார்கள். ஆளை ட்ரெய்னி என்று அழைத்தால் அந்த 480 நாள் கணக்கே தொடங்கவில்லை என்று வாதாடலாம். நடுவில் நீம் (NEEM) என்று ஒரு திட்டம் இருந்தது. தொழில்நுட்பக் கல்வியை ஒழுங்குபடுத்தும் மத்திய அமைப்பான ஏ.ஐ.சி.டி.இ. 2013-ல் கொண்டுவந்தது, மூன்று மாதத்திலிருந்து 36 மாதம் வரை பயிற்சி என்ற பெயரில் ஆளை வைத்துக்கொள்ளலாம் என்றது. பிறகு விலக்கிக்கொண்டார்கள். திட்டம் போனது, பழக்கம் போகவில்லை. இரண்டு வருடம் முடிந்ததும் உங்கள் பயிற்சி நிறைவடைந்தது என்று ஒரு கடிதம். பையன் பக்கத்து சிப்காட்டில் இன்னொரு கம்பெனியில் முதல் நாள் ட்ரெய்னியாகத் தொடங்குவான். அங்கே இரண்டு வருடம். இருபத்தாறு வயதில் மூன்றாவது முறையாகப் புதியவன். ஒரகடத்தில் ஒரே அறையில் ஆறு பேர் தங்கியிருக்கும் வீடுகளில் பாதிப் பேரின் கதை இது. பி.இ. ஆனாலும் சரி, ஐ.டி.ஐ. ஆனாலும் சரி.

முந்தைய தலைமுறையில் படித்து மேலே வந்தார்கள் என்று நாம் சொல்லும் குடும்பங்களை எண்ணிப் பாருங்கள். திருச்சி பெல், நெய்வேலி, ஐ.சி.எஃப்., பொன்மலை. ஐ.டி.ஐ.யோடு உள்ளே போனவர் மேலே போனது எப்படி? ரயில்வேயில் டெக்னீஷியன் மூன்றாம் நிலை, இரண்டு, ஒன்று, பிறகு சீனியர் டெக்னீஷியன். துறைத் தேர்வு எழுதினால் ஜூனியர் இன்ஜினியர். குவார்ட்டர்ஸ் இருந்தது, அதற்குப் பக்கத்தில் பள்ளி இருந்தது. தொழிலாளியின் மகளும் அதிகாரியின் மகளும் ஒரே வகுப்பில் உட்கார்ந்தார்கள். அந்த ஐ.டி.ஐ. சான்றிதழ் அவரைக் கேட் வரைக்கும்தான் கொண்டுபோய் விட்டது. மேலே ஏற்றியது உள்ளே இருந்த படிகள். இன்று கல்லூரிகளைக் கூட்டிக்கொண்டே போகிறோம், தொழிற்சாலைக்குள் இருந்த படிகளைப் பிடுங்கிவிட்டோம். பிறகு பையனுக்குத் திறமை போதவில்லை என்று அவன் தலையில் போடுகிறோம். இதை நான் ஒப்புக்கொள்ளவே மாட்டேன்.

சொந்தமாகத் தொழில் தொடங்கலாமே என்பார்கள். கோவையில் லேத் (கடைசல் இயந்திரம்) ஓட்டும் டர்னராக இருந்து சொந்த லேத் போட்டு ஜாப் ஆர்டர் எடுத்து முதலாளி ஆனவர்கள் உண்டு. அதே கை உள்ள எல்லோராலும் முடியவில்லையே, ஏன்? வங்கியில் அடமானம் வைக்கப் பாட்டன் நிலம் இருந்தவருக்குக் கடன் கிடைத்தது. நிலமில்லாத சாதியில் பிறந்த டர்னர் கடைசிவரை டர்னர். தமிழ்நாடு அரசு 2023-ல் அண்ணல் அம்பேத்கர் தொழில் முன்னோடிகள் திட்டத்தைக் கொண்டுவந்து பட்டியலினத்தவர், பழங்குடியினருக்கு 35 சதவீத முதலீட்டு மானியம் கொடுப்பது இந்தப் பள்ளத்தை நிரப்பத்தான். உங்களுக்குப் பொருந்துமா என்று கடிதத்தில் இல்லை. பொருந்தினால் பின்னாளுக்கு நினைவில் வையுங்கள்.

உங்கள் அக்காவைப் பற்றி ஒரு வரி எழுதினீர்கள், நகையைப் பற்றி ஒரு வரி எழுதினீர்கள். அவள் என்ன படிக்க ஆசைப்பட்டாள் என்று எழுதவில்லை. வருத்தமாக இருந்தது. தமிழ்நாட்டு ஐ.டி.ஐ. சேர்க்கையில் பெண்களுக்கு வயது வரம்பு கிடையாது. எலக்ட்ரீஷியனோ, வரைபடம் போடும் டிராஃப்ட்ஸ்மேனோ இரண்டு வருடம். அதன் பிறகு கிண்டியில் உள்ள தேசிய திறன் பயிற்சி நிறுவனத்தில் ஒரு வருட ஆசிரியர் பயிற்சி முடித்தால் ஐ.டி.ஐ.யிலேயே பயிற்றுநராக விண்ணப்பிக்கலாம். ஷூ கம்பெனியில் தையல் மெஷினில் நிற்கிறவளுக்கு இது எட்டாத தூரம் இல்லை. சம்பளம் இரண்டு வருடம் நின்றுபோகும் என்பதுதான் சிக்கல். தம்பி கட்டணமில்லாமல் படிக்கப் போகிறான் என்றால், அந்த முதல் வருஷ ஃபீஸுக்குப் புரட்ட நினைத்த பணத்தை வைத்து என்ன செய்யலாம் என்று வீட்டில் உட்கார்ந்து பேசுங்கள்.

இந்த வாரம் செய்ய வேண்டியது ஒன்று. தம்பியின் பத்தாம் வகுப்பு மதிப்பெண் பட்டியல், ஆதார், சாதிச் சான்றிதழ் மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பெயர், இனிஷியல், பிறந்த தேதி, அப்பா பெயர் ஒரு எழுத்துக்கூட மாறாமல் இருக்கிறதா என்று பாருங்கள். மாறியிருந்தால் ஆதாரை மதிப்பெண் பட்டியலுக்கு ஏற்ப மாற்றுங்கள். மதிப்பெண் பட்டியலைத் திருத்த மாதக்கணக்கில் அலைய வேண்டும். ஆறாவதிலிருந்து அரசுப் பள்ளியில் படித்ததற்கான சான்றைத் தலைமை ஆசிரியரிடம் கேட்டு வையுங்கள். நடுவில் பள்ளி மாறியிருந்தால் அந்தப் பள்ளிக்கும் போக வேண்டியிருக்கும். கவுன்சலிங் பதிவு வழக்கமாக மே மாதத்தில் திறக்கும், அதற்கு முன் இதெல்லாம் கையில் இருக்கட்டும்.