பெரிய கதாநாயகன் என்ற பெயர் இல்லாமலே உங்களை உலுக்கிய நடிகர் யார்?

என் பதில் யோசெஃப் க்ரோனெர். 1924-இல் வடக்கு ஸ்லோவாக்கியாவின் ஸ்டாஷ்கோவ் கிராமத்தில் பிறந்தவர். மார்ட்டின் நகர நாடக மேடையில் பழகி, பிறகு பிராட்டிஸ்லாவாவின் ஸ்லோவாக் தேசிய நாடக அரங்குக்கு வந்தார். கூட்டத்தில் நின்றால் யாரும் திரும்பிப் பார்க்காத முகம். அந்த முகம்தான் அவருடைய சொத்து.

1965-இல் வந்த 'பிரதான வீதிக் கடை' படத்தில்தான் நான் அவரை முதலில் பார்த்தேன். யான் காடாரும் எல்மார் க்ளோசும் இயக்கியது. செக்கோஸ்லோவாக்கியாவுக்கு முதல் ஆஸ்கர் வாங்கித் தந்த படம். கதை 1942-இல் நடக்கிறது. யூதர்களின் கடைகளைப் பிடுங்கி மற்றவர்களுக்குக் கொடுக்கிறது அன்றைய ஸ்லோவாக் அரசு. டோனோ என்ற ஏழைத் தச்சனுக்கு ஒரு பொத்தான் கடை கிடைக்கிறது. கடைக்காரப் பாட்டிக்குக் காது கேட்காது. வந்திருப்பவன் தனக்கு உதவியாள் என்றே அவர் நினைத்துக்கொள்கிறார். பாட்டியாக நடித்த ஈடா காமின்ஸ்காவும் அபாரம்.

கடைசிப் பகுதியை என்னால் மறக்க முடியவில்லை. வெளியே சதுக்கத்தில், முகாம்களுக்கு அனுப்புவதற்காக யூதர்களின் பெயர்களை ஒவ்வொன்றாக வாசிக்கிறார்கள். உள்ளே டோனோ குடித்துக்கொண்டே கண்ணாடி வழியாகப் பார்க்கிறான். பாட்டியை ஒளித்து வைத்தது தெரிந்தால் தன் கதி என்ன? காப்பாற்றத் துடிக்கிறான், அடுத்த நொடி வெளியே போ என்று கத்துகிறான், உடனே கெஞ்சுகிறான். நல்லவன்தான், ஆனால் தைரியம் இல்லாதவன். க்ரோனெர் அவனை நியாயப்படுத்தவும் இல்லை, வெறுக்க விடவும் இல்லை. அந்த இடத்தில் நான் இருந்தால் என்ன செய்திருப்பேன் என்று எனக்கு வியர்த்துவிட்டது. முடிவைச் சொல்ல மாட்டேன்.

அப்புறம் அவருடைய மற்ற படங்களையும் தேடிப் பார்த்தேன். 1970-களில் வந்த 'பாஹோ' என்ற வழிப்பறிக்காரன் கதையில் அதே மனிதர் வயிறு வலிக்கச் சிரிக்க வைக்கிறார். இயக்குநர் யாகுபிஸ்கோவின் 'ஆயிரம் வயதுத் தேனீ' (1983) படத்தில் ஒரு கொத்தனார் குடும்பத்தின் மூத்தவர். தொலைக்காட்சியிலும் நிறைய நடித்தார். மீன்பிடிப்பதில் பைத்தியம், அதைப் பற்றிப் புத்தகங்களே எழுதியிருக்கிறார். 1998-இல் மறைந்தார். மகள் சுசானா க்ரோனெரோவாவும் நல்ல நடிகை.

பார்ப்பதென்றால் கடைப் படத்தில் தொடங்குங்கள். முடிந்த கையோடு 'பாஹோ'வைப் போட்டுவிடாதீர்கள், ஒரு நாளாவது இடைவெளி விடுங்கள். எனக்கு ஒரு வாரம் ஆயிற்று.