ஒரு ஷாட்டை எவ்வளவு நேரம் வைத்திருப்பது?

கேள்வி: பாட்டியின் அன்றாடத்தைப் போனில் ஆவணப்படமாக எடுத்து வருகிறேன். கேமரா அசையாது, வர்ணனை கிடையாது. பார்த்தவர்கள் “ஒன்றுமே நடக்கவில்லையே” என்கிறார்கள். ஷாட்களைச் சுருக்கிவிடவா?

பதில்: அவசரப்பட்டு வெட்டிவிடாதீர்கள். ஒவ்வொரு ஷாட்டும் ஏன் அந்த இடத்தில் முடிகிறது என்று முதலில் பாருங்கள். எடுக்கும்போது உங்களுக்கு அலுத்துப்போய் நிறுத்தியிருந்தால், பார்ப்பவருக்கும் அது தெரிந்துவிடும்.

அமெரிக்க இயக்குநர் ஜேம்ஸ் பென்னிங் இதற்கு நல்ல வழிகாட்டி. கணிதம் படித்துவிட்டுப் படமெடுக்க வந்தவர். ‘ஆர்ஆர்’ (2007) முழுக்க ரயில்கள்தான், 43 ஷாட்கள். ரயில் வருகிறது, அது கடந்து முடிந்ததும் ஷாட்டும் முடிகிறது. சரக்கு ரயில் நீண்டால் ஷாட்டும் நீளும். இந்த விதி சீக்கிரமே நமக்குப் பிடிபட்டுவிடும். அதன்பின் ‘எப்போது முடியும்’ என்ற தவிப்பு போய், பெட்டிகளின் நிறம், வேகம், தூரத்து மலை எல்லாம் கண்ணில் படத் தொடங்கும்.

பாட்டி கீரை ஆய்கிறாரா? கட்டைப் பிரிப்பதில் தொடங்கி, முறத்தைத் தட்டி எழுந்திருக்கும்வரை ஒரே ஷாட். எவ்வளவு நேரம் என்பதை அவர் கைகள் முடிவு செய்யட்டும்.

முடிவே இல்லாத காட்சிகளும் உண்டு. அவற்றில் திரும்பத் திரும்ப வருவதைத் தேடுங்கள். பென்னிங்கின் ‘ரூர்’ (2009) படத்தின் கடைசி ஷாட் ஒரு மணி நேரம் ஓடுகிறது: ஜெர்மனியில் ஒரு கோக் (நிலக்கரியைச் சுட்டுத் தயாரிக்கும் எரிபொருள்) ஆலையின் கோபுரம். கனன்றுகொண்டிருக்கும் கோக்கைத் தண்ணீர் விட்டு அணைக்கும்போதெல்லாம் நீராவி பொங்கிக் கோபுரத்தையே மறைக்கிறது, மெல்ல அடங்குகிறது. முதல் தடவை திடுக்கிடுகிறோம். பிறகு அடுத்ததற்காகக் காத்திருக்கிறோம். எனக்கு மிகவும் பிடித்த ஷாட் அது. உங்கள் வீட்டில் குக்கர் விசிலோ, தெருவில் கூவிப் போகும் வியாபாரியோ அந்த வேலையைச் செய்யலாம்.

அதைக் கண்டுபிடிக்க ஒரு முழுக் காலை போனைத் தொடாமல் பாட்டியுடன் இருங்கள். கலிபோர்னியாவில் கால்ஆர்ட்ஸ் கல்லூரியில் பென்னிங் நடத்திய வகுப்பு ஒன்றே இப்படித்தான்: மாணவர்களை ஓரிடத்துக்கு அழைத்துப் போவார், அவரவர் தனியே பார்க்கவும் கேட்கவும் வேண்டும், அதிலிருந்து படமோ கட்டுரையோ கேட்க மாட்டார்.

போன் விஷயம் சுருக்கமாக: ட்ரைபாட் கட்டாயம். ஃப்ளைட் மோடில் போடுங்கள். ஃபோகஸையும் எக்ஸ்போஷரையும் லாக் செய்யாவிட்டால், வெயிலை மேகம் மறைக்கும்போது போன் தானாக வெளிச்சத்தைச் சரிக்கட்டிவிடும். நீங்கள் காட்ட நினைத்த மாற்றமே காணாமல் போகும். ஒலிக்கு இன்னொரு போனைப் பாட்டியின் அருகில் வையுங்கள்.

ஏற்கெனவே எடுத்தவற்றில் வேலை தொடக்கம் முதல் முடிவுவரை இருக்கும் ஷாட்களை மட்டும் பிரித்து, அதே நண்பர்களுக்குப் போட்டுக் காட்டுங்கள். பாதியில் நின்றவற்றை மறுபடி எடுக்க வேண்டியிருக்கும். அதற்காகப் பாட்டியைச் செய்துகாட்டச் சொல்லாதீர்கள். அவராகவே அடுத்து கீரை வாங்கும் நாள்வரை பொறுங்கள்.