பெட்ல தோத்துட்டீங்க சார்!

கேள்வி: 'காதோடுதான் நான் பாடுவேன்' பாட்டு எம்.எஸ்.வி. போட்டதுன்னு மச்சான்கிட்ட பிரியாணிக்கு பெட் கட்டியிருக்கேன். காப்பாத்துங்க!
– தஞ்சாவூர் வாசகர்

பதில்: பிரியாணிக்கு ஆர்டர் பண்ணிடுங்க, தோத்துட்டீங்க. 1972-ல வந்த 'வெள்ளி விழா' படத்துக்கு மியூசிக் வி.குமார். ஆனா உங்களயும் ரொம்ப குத்தம் சொல்ல முடியாது, ஏன்னா அதே படத்துல எம்.எஸ்.வி.யும் இருக்காரு, பாடகரா! 'உனக்கென்ன குறைச்சல்' பாட்ட குமார் மியூசிக்ல பாடினது அவர்தான். அது போகட்டும், 'காதோடுதான்' பாட்டுல இன்னொரு விஷயம் கவனிச்சீங்களா, கிளப் டான்ஸ் பாட்டுன்னாலே கூப்பிடுங்கப்பான்னு இருந்த எல்.ஆர்.ஈஸ்வரிய புருஷன் காதுக்கு மட்டும் கேக்கற மாதிரி பாட வச்சிருக்காரு பாருங்க குமார், அந்தத் தைரியத்துக்கே தனியா ஒரு பிரியாணி வாங்கித் தரணும்.

கேள்வி: யாரு சார் இந்த வி.குமார்? பேரே கேள்விப்பட்டதில்லயே?
– சேலம் வாசகர்

பதில்: பேர் தெரியாது, பாட்டு தெரியும், அதான் அவர் ராசி! பாலச்சந்தர் நாடகங்களுக்கு மியூசிக் போட்டுட்டு இருந்தவரு. 1965-ல 'நீர்க்குமிழி' பாலச்சந்தருக்கு டைரக்டரா முதல் படம், இவருக்கும் அதான் முதல் படம். சுரதா எழுதி சீர்காழி பாடின 'ஆடி அடங்கும் வாழ்க்கையடா' இன்னிக்கும் சாவு வீட்ல ஓடுதே, அது குமார் போட்டதுதான். அப்புறம் 'மேஜர் சந்திரகாந்த்'ல 'ஒரு நாள் யாரோ', 'எதிர்நீச்சல்'ல 'அடுத்தாத்து அம்புஜத்தப் பாத்தேளா', 'நூற்றுக்கு நூறு'ல 'நான் உன்னை வாழ்த்திப் பாடுகிறேன்'னு வரிசையா ஹிட்டு. எனக்கென்னமோ மேடை நாடகத்துப் பழக்கம்தான் இவருக்கு பலம்னு தோணுது, வாத்தியத்த அடுக்கி சத்தம் போடாம வார்த்தை தெளிவா கேக்கணும்னு விட்டுக் கொடுப்பாரு.

கேள்வி: அவ்ளோ ஹிட் குடுத்தவர் ஏன் மேல வரல?
– கோவை வாசகர்

பதில்: இவர் ஹிட்டு குடுத்த படத்துல பாதிக்கு மேல பாலச்சந்தர் படம், ஜனங்க டைரக்டர் பேரத்தான் ஞாபகம் வச்சுகிட்டாங்க. அந்த பாலச்சந்தரும் 'அரங்கேற்றம்' (1973) முடிஞ்சப்புறம் எம்.எஸ்.வி. பக்கம் போயிட்டாரு, 'அவள் ஒரு தொடர்கதை', 'அபூர்வ ராகங்கள்' எல்லாம் அப்படி வந்ததுதான். 1976-ல 'அன்னக்கிளி' வந்து மொத்த ஊரும் இளையராஜா பக்கம் திரும்பிடுச்சு. ஆனா சரக்கு தீர்ந்து போச்சுன்னு மட்டும் சொல்லிடாதீங்க, 'தேன் சிந்துதே வானம்' படத்துல ஜேசுதாஸ் பாடின 'உன்னிடம் மயங்குகிறேன்' 1975, எஸ்.பி.பி.யும் வாணி ஜெயராமும் பாடின 'மதனோற்சவம்' 1978. ரெண்டயும் இன்னிக்கு ராத்திரி ஹெட்போன் மாட்டிக் கேளுங்க. கேட்டுட்டு, தஞ்சாவூர்க்காரர் மாதிரி யார்கிட்டயும் பெட் மட்டும் கட்டாதீங்க.