வின்னபேகோ ஏரி ஸ்டர்ஜன் சீசன்: கேளுங்க, தெரிஞ்சத சொல்றேன்

கேள்வி: அண்ணா, அமெரிக்காவுல விஸ்கான்சின்ல ஸ்டர்ஜன்னு ஒரு பெரிய மீன தூண்டில் போட்டுத்தான பிடிக்கிறாங்க?

பதில்: வின்னபேகோல ஈட்டிதான் தம்பி. பிப்ரவரில ஏரி உறைஞ்சு கெடக்கும், அது மேல சின்ன குடிசை ஒண்ண இழுத்துட்டு போய் வெச்சு, ஐஸ்ல ஓட்டை அறுத்து (48 சதுர அடிக்கு மேல கூடாது), உள்ள வெளிச்சமே வராம அடைச்சுட்டு குனிஞ்சு தண்ணியவே பாத்துட்டு இருக்கணும். மரத்துல செஞ்ச பொம்மை மீன தொங்கவிட்டிருப்பாங்க, அது என்னன்னு பாக்க ஸ்டர்ஜன் வந்தா குத்தலாம். வருஷக்கணக்கா உக்காந்தும் ஒண்ணக்கூட பாக்காதவங்க உண்டு. தூண்டில் சீசன் தனி, சில ஆறுகள்ல மட்டும், செப்டம்பர்ல, 60 இன்ச்சாவது இருக்கணும்.

கேள்வி: லைசென்ஸ ஜனவரில வாங்கிக்கலாமா ப்ரோ?

பதில்: முடியாது. அக்டோபர் 31க்குள்ள வாங்கணும், நிறைய பேர் கோட்டை விடுறது இங்கதான். சீசன் பிப்ரவரி ரெண்டாவது சனிக்கிழமை ஆரம்பிக்கும், காலைல 7 மணில இருந்து மதியம் 1 மணி வரைக்கும்தான் குத்தலாம். ஆளுக்கு ஒரே மீன்.

கேள்வி: சீசன் 16 நாள்னு போட்டிருக்கே, ரெண்டாவது வாரம் லீவு போட்டு வந்தா போதுமா?

பதில்: அத நம்பாதீங்க. 16ங்கறது அதிகபட்சம். ஆண், வளந்த பெண், இன்னும் பருவத்துக்கு வராத பெண்ணுன்னு மூணுக்கும் இத்தனைதான் பிடிக்கலாம்னு தனித்தனி கோட்டா, அதுல ஏதாவது ஒண்ணு நெருங்கினாலே மொத்த சீசனயும் மூடிருவாங்க. பெண் ஸ்டர்ஜன் மொத முட்டை விடவே 20 வயசுக்கு மேல ஆகும், அப்புறமும் சில வருஷத்துக்கு ஒருக்காதான், அதனால பெரிய பெண் மீன் கொஞ்சம் கூடுதலா போயிட்டாக்கூட அந்த இடத்த நிரப்ப ஒரு தலைமுறை ஆயிரும். எனக்கு இந்த கெடுபிடி சரின்னுதான் படுது. தண்ணி தெளிவா இருக்கிற வருஷம் சீக்கிரமே முடிஞ்சிரும், மொத வாரமே வாங்க.

கேள்வி: பாய்கன் ஏரில ஈஸியாமே?

பதில்: ஆமா, பாய்கன் மாதிரி ஆத்து வழியில வின்னபேகோவுக்கு மேல இருக்கிற ஏரிகள் ஆழம் கம்மி, மீன் நல்லா தெரியும். அதனாலயே 2007ல இருந்து குலுக்கல், 500 பேருக்குத்தான் பர்மிட். அது கெடச்சா அந்த வருஷம் வின்னபேகோல குத்த முடியாது.

கேள்வி: 36 இன்ச்சுக்கு கம்மின்னா குத்தக்கூடாதாமே, தண்ணிக்குள்ள அது எப்படிங்க தெரியும்?

பதில்: அடில வெள்ளை பிவிசி பைப்ப போட்டு வெப்பாங்க, மீன் அது மேல போறப்ப அளவு தெரியும். சந்தேகம்னா விட்ருங்க.

கேள்வி: குத்தினதும் வீட்டுக்கு கொண்டு போலாமா சார்?

பதில்: மொதல்ல மீன்ல டேக் (அடையாளச் சீட்டு) கட்டணும். அன்னைக்கே மதியம் 2 மணிக்குள்ள பதிவு ஸ்டேஷனுக்கு முழு மீனா கொண்டு போகணும், வெட்டக்கூடாது. எடை, நீளம், ஆணா பெண்ணான்னு பாத்து எழுதுவாங்க, அந்த கணக்க வெச்சுத்தான் நாளைக்கு சீசன் உண்டா இல்லயான்னே முடிவாகும். 2010ல 212.2 பவுண்டு மீன் ஒண்ணு வந்துச்சு, அதுதான் ரெக்கார்டு. முட்டைய விக்கிறது குத்தம்.

கேள்வி: ஐஸ் மேல காரே போகுதே, பயமில்லயா?

பதில்: போகும், சில சமயம் உள்ளயும் போகும். அங்க விரிசல் ஒரே ராத்திரில இடம் மாறிரும், நேத்து போன வழின்னு கண்ண மூடிட்டு போகாதீங்க, லோக்கல் ஃபிஷிங் கிளப் ஆளுங்க விரிசல் மேல பாலம் போட்டிருக்கிற எடமா பாத்து கடங்க.